கதலின் கராடியை எங்கேருந்து பாக்க ஆரம்பிக்கிறது: பழைய ஹங்கேரி நடிகை ஒருத்தரோட வாழ்க்கையை படிக்க ஒரு கைடு

பழைய ஐரோப்பிய படம் பாக்கற பழக்கம் இருக்கவங்க ஹங்கேரி பக்கம் எட்டிப் பாத்தா சீக்கிரமே கண்ணுல படற முகம் கதலின் கராடியோடது. 1939-லேருந்து 1949 வரைக்கும் பத்தே வருஷம், சுமார் 20 படம், அவ்ளோதான் மொத்த சினிமா வாழ்க்கையும். ஆனா அவங்களைப் பத்தி தேட ஆரம்பிச்சீங்கன்னா வந்து கொட்டறதுல பாதி வதந்தி, மீதில பாதி "ஆம்பளைங்களை அழிக்கற பேரழகி"ங்கற அதே பழைய பாட்டு. அதையெல்லாம் தாண்டி ஒழுங்கா தெரிஞ்சுக்கணும்னா எந்த வரிசைல போகணும், எதை நம்பலாம், எதை ஒரு ஓரமா வைக்கணும்னு எனக்கு சரின்னு பட்டதை இங்க எழுதறேன்.

முதல்ல ஒரு நோட்டோ ஸ்ப்ரெட்ஷீட்டோ எடுத்து ரெண்டு காலம் (பத்தி) போட்டுக்கோங்க. இடது பக்கம் நடிகையோட வாழ்க்கை, வலது பக்கம் நாட்டோட கேலண்டர். இது சும்மா படிப்ஸ் வேலை மாதிரி தெரியும் ஆனா கராடி விஷயத்துல இதை பண்ணாம படம் பாத்தா ஒண்ணுமே புரியாது, ஏன்னா அவங்க எடுத்த ஒவ்வொரு திருப்பத்துக்கும் காரணம் வலது காலத்துலதான் இருக்கு. வலது பக்கம் கண்டிப்பா வர வேண்டியது: 1938, 1939-ல வந்த யூத எதிர்ப்பு சட்டங்கள், 1944 மார்ச் 19 ஜெர்மன் ராணுவம் ஹங்கேரிக்குள்ள நுழைஞ்சது, 1944 அக்டோபர் 15 அம்புச்சிலுவைங்கற ஹங்கேரி நாஜிக் கட்சி ஆட்சியைப் புடிச்சது, அந்த வருஷக் கடைசில ஆரம்பிச்ச புடாபெஸ்ட் முற்றுகை, 1948-ல சினிமா தொழிலை அரசாங்கம் எடுத்துக்கிட்டது, அப்பறம் 1956 புரட்சி. இத்தனை போதும், பெரிய வரலாற்று புக்கெல்லாம் முதல்லயே தேவையில்ல.

இடது பக்கம் ஆரம்பம் இப்படி இருக்கும். 1910 டிசம்பர் 8, புடாபெஸ்ட்ல கோபான்யான்னு ஒரு தொழிலாளர் பகுதி, அங்க செருப்பு தைக்கிற ஒருத்தர் குடும்பத்துல பொறந்தாங்க, வீட்டுல நிறைய புள்ளைங்க, காசு கிடையாது. பொறந்தப்ப பேரு கதலின் கான்ஸ்லெர். முதல் உலகப்போர் முடிஞ்ச சமயத்துல பஞ்சத்துல அடிபட்ட ஹங்கேரி குழந்தைங்களை சுவிட்சர்லாந்து, நெதர்லாந்து மாதிரி நாடுகளுக்கு ரயில்ல அனுப்பி சில காலம் அங்க குடும்பங்கள்ல தங்க வைப்பாங்க, அப்படிப் போன குழந்தைகள்ல இவங்களும் ஒருத்தங்க. திரையில பட்டு கவுன் போட்டு மாளிகைல நடக்கறதைப் பாக்கும்போது இந்த கோபான்யாவை மறந்துடாதீங்க.

அடுத்து தேடற விஷயம், இதுல நிறைய பேர் மாட்டிக்கிறாங்க. ஹங்கேரில குடும்பப் பேர் முன்னாடி வரும், நம்ம இனிஷியல் மாதிரின்னு வெச்சுக்கோங்க, அதனால அங்கத்த டேட்டாபேஸ்கள்ல "கராடி கதலின்"ன்னுதான் இருக்கும். லத்தீன் எழுத்துல டைப் பண்ணும்போது கராடில வர்ற ரெண்டாவது ஏ மேல ஒரு சாய்கோடு உண்டு, கோடு போட்ட ஏவும் போடாத ஏவும் அவங்களுக்கு வேற வேற எழுத்து. பெரிய சர்ச் இன்ஜின் இதை கண்டுக்காது, ஆனா சில ஆர்கைவ் தளங்கள் எழுத்து மாறுனா "ரிசல்ட் இல்ல"ன்னு சொல்லிடும். அதனால ஒரு தடவை சரியான எழுத்துல பேரை காப்பி பண்ணி நோட்டுல போட்டு வெச்சுக்கோங்க, படப் பேர்களையும் அப்படியே. இன்னொண்ணு, கல்யாணம் ஆன பொண்ணுங்களை புருஷன் பேரோட "னே"ன்னு ஒரு விகுதி சேத்து எழுதற வழக்கம் அங்க இருக்கு, பழைய பதிவேடுகள்ல நடிகை திடீர்னு காணாம போயிட்டா அந்தப் பேர்ல தேடிப் பாருங்க. மேடைப் பேர், பொறந்த பேர், கல்யாணப் பேர்னு மூணு வரி எழுதி வெச்சுட்டா எந்த பழைய ஹங்கேரி நடிகைக்கும் இந்த முறை வேலை செய்யும்.

எங்க தேடறதுன்னா, ஹங்கோஷ்ஃபில்ம்னு ஒரு தளம் இருக்கு, 1931-லேருந்து 1944 வரைக்கும் வந்த ஹங்கேரி பேசும் படங்களுக்குன்னே உள்ளது, நடிகர் பட்டியல், கதைச் சுருக்கம், ஸ்டில்ஸ் எல்லாம் கிடைக்கும். படம் பாக்கறதுக்கு நெம்ஸெட்டி ஃபில்மின்தேஸெட், அதாவது தேசிய ஃபிலிம் இன்ஸ்டிட்யூட், 2020-ல ஆரம்பிச்ச ஃபில்மியோன்ற ஸ்ட்ரீமிங் தளம். போட்டோவுக்கு ஃபோர்டெபான், 2010-ல தொடங்குனது, சாதாரண ஆளுங்க எடுத்த பழைய போட்டோக்களை இலவசமா எடுத்துக்கலாம். ஸ்டூடியோ போட்டோல மினுமினுன்னு தெரியற புடாபெஸ்ட்டுக்கும் அதே வருஷம் தெருவுல எடுத்த போட்டோவுக்கும் உள்ள வித்தியாசத்தை அங்கதான் பாக்கணும். 1944 வரைக்குமான நியூஸ்ரீல் எல்லாம் ஃபில்ம்ஹீராடோக் ஆன்லைன்னு தனியா ஒரு தளத்துல இருக்கு. பழைய பத்திரிகைகளுக்கு "அர்கானும்"னு ஒரு தளம், அதுக்கு சந்தா கட்டணும்.

மொழி தெரியாதேன்னு பயப்படாதீங்க. சப்டைட்டில் இல்லாத படமா இருந்தா முதல்ல கதைச் சுருக்கத்தை மெஷின் டிரான்ஸ்லேஷன்ல போட்டு முழுசா படிச்சுட்டு உக்காருங்க, அந்த காலத்து படங்கள்ல கதை ரொம்ப நேர்கோட்டுல போகும், யாரு யாரை விட்டுட்டுப் போறாங்கன்னு தெரிஞ்சா போதும், மீதியை குரலும் முகமும் சொல்லிடும்.

இப்ப படங்கள். வருஷ வரிசைல எல்லாத்தையும் பாக்கணும்னு உக்காந்தா நாலாவது படத்துலயே சலிச்சுடும், ஏன்னா 1940-42-ல அவங்களை ஒரே அச்சுல வார்த்து வார்த்து எடுத்தாங்க. நான் சொல்ற வரிசை நாலு படம்.

முதல்ல ஹலாலோஷ் தவஸ், 1939, உயிர்கொல்லும் வசந்தம்னு வெச்சுக்கலாம். லாஸ்லோ கல்மார் டைரக்ஷன், கதை லயோஷ் ஸிலஹியோட நாவல். பெரிய இடத்துப் பொண்ணு ஒருத்தி மேல பைத்தியமாகிற இளைஞன், அவ விட்டுட்டுப் போறா, அவன் உடைஞ்சு போறான், இன்னொரு நல்ல பொண்ணு வர்றா, தேறிட்டான்னு நினைக்கும்போது பழையவ திரும்ப வர்றா, முடிவு தற்கொலை. கேக்க சாதாரணமா இருக்கும். ஆனா இதுல கராடியை எப்படி பாக்கணும்னா, முதல்ல கண்ணை மூடிக்கிட்டு ஒரு சீனை காதால மட்டும் கேளுங்க. அந்த காலத்து ஹீரோயின்னா கீச்சுக் குரல்ல படபடன்னு பேசணும், இவங்க குரல் அடிவயித்துலேருந்து வர்ற தாழ்ந்த கரகரப்புக் குரல், வார்த்தையை இழுத்து, எதிராளி பதில் சொல்றதுக்கு முன்னாடியே அலுத்துப் போன மாதிரி பேசுவாங்க. நடிப்பு வரலன்னு அப்பவே விமர்சனம் பண்ணவங்க உண்டு, எனக்கும் சில சீன்ல அப்படித்தான் தோணும், முகம் அசையவே அசையாது. ஆனா பாட்டு வரும்போது அந்தப் பேச்சே கிடையாது. திபோர் போல்கார் போட்ட மெட்டு, நம்ம ரெண்டு பேருக்கும் இதுதான் அழிவாச்சுங்கற மாதிரி வர்ற பாட்டு, பாடறாங்களா பேசறாங்களான்னு பிரிக்க முடியாது, அந்தப் பாட்டோடதான் ஒரே நாள்ல ஸ்டார் ஆனாங்கன்னு சொல்லலாம். அப்பறம் பொண்ணுங்க அவங்க மாதிரி முடி விட்டுக்கிட்டதும் தொப்பி போட்டதும் தனிக்கதை.

ரெண்டாவது ஸீரியுஸ், 1942, தெஸோ ஆகோஷ் ஹம்ஸா எடுத்தது. இது டைம் டிராவல் படம்னா நம்புவீங்களா? ஒருத்தன் 18-ஆம் நூற்றாண்டுக்குப் போய் அங்க ஒரு பாடகியைப் பாக்கறான், அவங்கதான் கராடி. போர் நடந்துக்கிட்டிருக்கற நேரத்துல இப்படி ஆடம்பரமா ஒரு படம் எப்படி எடுத்தாங்கன்னு கேள்வி வரும், அப்ப வலது காலத்தைப் பாருங்க. வெளிநாட்டுப் படங்கள் நிறைய நின்னு போனதால உள்ளூர் படத்துக்கு கிராக்கி, 1940-களோட முதல் பாதியில ஹங்கேரி வருஷத்துக்கு 40-க்கு மேல படம் எடுக்கற அளவுக்குப் போச்சு. அதே நேரத்துல சட்டம் போட்டு யூத எழுத்தாளர்கள், டைரக்டர்கள், நடிகர்களை தொழிலை விட்டே துரத்திட்டாங்க. தியேட்டர்ல கூட்டம், டைட்டில் கார்டுல காணாம போன பேர்கள். கராடி படங்களோட மினுமினுப்பை இந்த ரெண்டையும் சேத்து வெச்சுத்தான் பாக்கணும்.

மூணாவது வலமித் விஸ் அ வீஸ், 1944, திரும்பவும் ஸிலஹி கதை, குஸ்தாவ் ஓலாவோட சேந்து அவரே டைரக்ட் பண்ணது. ஒரு மீனவன் ஆத்துலேருந்து ஒரு பொண்ணைக் காப்பாத்தி வீட்டுக்குக் கொண்டு வர்றான், அவ பேரு அனாடா, யாரு எவன்னு தெரியாது, அவன் குடும்பம் மெல்ல மெல்ல ஆட்டம் காணுது. இதுதான் என்னைப் பொறுத்தவரைக்கும் அவங்களோட நல்ல படம். மேக்கப்பும் மாளிகையும் கொறஞ்சு தண்ணி, படகு, வலைன்னு வரும்போது அந்த அசையாத முகம் குறையா தெரியாது, மர்மமா மாறிடும்.

நாலாவது ஃபொர்ரோ மெஸோக், 1949, இம்ரே அபாதி டைரக்ஷன், ஜிக்மொந்த் மோரிட்ஸ் நாவல், அவங்களோட கடைசி படம். இதை 1939 படத்தோட பக்கத்துல வெச்சுப் பாருங்க, பத்து வருஷம்தான் வித்தியாசம், ஆனா நடுவுல என்ன நடந்துச்சுன்னு தெரிஞ்சுட்டு பாத்தா வேற மாதிரி இருக்கும். நேரம் இருந்தா 1940-ல வந்த ஹஸயாரோ லேலெக், 1943-ல வந்த ஓபியும்கெரிங்கோ இதெல்லாம் சேத்துக்கலாம், கட்டாயமில்ல.

அந்த நடுவுல நடந்ததுக்கு வருவோம், இதுலதான் கவனமா இருக்கணும்.

கராடியைக் கண்டுபுடிச்சு அந்தப் பேரையும் வெச்சவர் ஸோல்தான் எட்யெத்ன்னு ஒரு பத்திரிகைக்காரர். அவரே ஃபில்ம் ஸீன்ஹாஸ் இரொடலொம்னு ஒரு சினிமா வாரப் பத்திரிகைக்கு எடிட்டர். புரியுதா? ஆர்கைவ்ல அந்தப் பத்திரிகைல கராடி பத்தி பக்கம் பக்கமா புகழ்ந்து வந்ததைப் பாத்துட்டு "அடேயப்பா நாடே கொண்டாடிருக்கு"ன்னு முடிவு பண்ணிடாதீங்க, அறிமுகப்படுத்துனவரே எழுதிக்கிட்டது அது. அதுக்குன்னு தூக்கிப் போட வேண்டாம், ஒரு ஸ்டாரை எப்படி தயார் பண்ணாங்க, என்ன டிரஸ், என்ன கிசுகிசு, எப்ப கசிய விட்டாங்கன்னு தெரிஞ்சுக்க அதை விட நல்ல ஆதாரம் கிடைக்காது. ரசிச்சாங்களான்னு தெரியணும்னா மட்டும் வேற பத்திரிகை பாருங்க. கூடவே வயசு விஷயம், நடிகைகளோட வயசைக் கொறச்சு எழுதறது எல்லா நாட்டு சினிமா பத்திரிகைக்கும் கை வந்த கலை, பேட்டில வர்ற வயசை வெச்சு கணக்கு போடாதீங்க.

அடுத்தது இஷ்த்வான் உய்ஸாஸி. ஹங்கேரி ராணுவ உளவுத்துறையோட தலைமைல இருந்த அதிகாரி, கராடியோட காதலர். நடிகை, உளவுத்துறை தலைவர், உலகப்போர், இந்த மூணும் ஒரே வரில வந்தா எழுதறவங்களுக்கு கை சும்மா இருக்குமா, அதனால இங்கதான் கட்டுக்கதை அதிகம். நீங்க நோட்டுல எழுத வேண்டியது மட்டும் இது: 1944 மார்ச்ல ஜெர்மன்காரங்க வந்தாங்க, ஏப்ரல் 18-ஆம் தேதி நாஜிகளோட ரகசியப் போலீஸான கெஸ்டபோ கராடியைப் புடிச்சுட்டுப் போச்சு, நேச நாடுகளுக்கு உளவு பாத்ததா குற்றச்சாட்டு, சில மாசம் உள்ள வெச்சு சித்ரவதை பண்ணி விட்டாங்க. உய்ஸாஸி பின்னாடி சோவியத் கைல சிக்கி, 1948-ல ஹங்கேரிக்குத் திரும்பக் கொண்டு வரப்பட்டு அப்பறம் தடமே இல்லாம போயிட்டார். அவங்க ரெண்டு பேருக்குள்ள என்ன பேசிக்கிட்டாங்க, யாரு யாருக்கு என்ன ரகசியம் சொன்னாங்கன்னு வசனத்தோட எழுதியிருக்கற எதையும் நாவலா மட்டும் படிங்க.

1944 கடைசில நடந்ததை சரிபாக்க வதந்தியே தேவையில்ல, பதிவு இருக்கு. அம்புச்சிலுவைக்காரங்க யூதர்களை டான்யூப் கரைல நிறுத்தி சுட்டுத் தள்ளிக்கிட்டிருந்த மாசங்கள்ல, கெஸ்டபோ கைலேருந்து அடிபட்டு வந்த இந்தம்மா, யூதக் குழந்தைங்களைக் கொண்டு வந்து தன்னோட ஃபிளாட்டுல ஒளிச்சு வெச்சாங்க. இதுக்காக யூத இனப்படுகொலைக்கான இஸ்ரேலோட நினைவகமான யாத் வஷேம் 2004-ல, அதாவது அவங்க செத்து 14 வருஷம் கழிச்சு, "உலக நாடுகளில் நீதிமான்கள்"ங்கற பட்டியல்ல அவங்க பேரைச் சேத்துது. யாத் வஷேமோட டேட்டாபேஸ் ஆன்லைன்ல எல்லாருக்கும் திறந்திருக்கு, போய் பேரைப் போட்டுப் பாருங்க, அதுலயும் கோடு போட்ட ஏ ஞாபகம் இருக்கட்டும். நகையைக் கொடுத்து மீட்டாங்க, இத்தனை பேரைக் காப்பாத்துனாங்கன்னு வெவ்வேற எண்ணிக்கையோட கதைகள் சுத்துது, எண்ணிக்கையை எழுதாம விட்டுட்டு பதிவுல இருக்கறதை மட்டும் எடுத்துக்கறது நல்லது.

போருக்கப்பறம் வந்த புது கம்யூனிஸ்ட் ஆட்சிக்கும் அவங்க மேல பிரியம் இல்ல, பழைய காலத்து ஆடம்பரத்தோட அடையாளமா பாத்தாங்க. 1949-க்கு அப்பறம் படம் இல்ல. 1951-ல ரகசியமா எல்லை தாண்டி ஆஸ்திரியா, அப்பறம் 1953 வாக்குல பிரேசில் போய் சாவ் பாலோல தொப்பிக் கடை வெச்சாங்க, கூடவே இருந்தது அவங்களோட நெருங்கிய துணை இர்மா ஃப்ராங்க். 1968-ல நியூயார்க், அங்கயும் தொப்பிதான். திரும்ப நடிக்கல. 1990 பிப்ரவரி 8 நியூயார்க்லயே இறந்தாங்க, ஆட்சி மாறிக்கிட்டிருந்த அந்த வருஷத்துலதான் உடல் புடாபெஸ்ட்டுக்கு வந்து ஃபர்கஷ்ரேட் கல்லறைல அடக்கம் ஆச்சு. இந்த 39 வருஷத்தை ரெண்டே வரில முடிச்சுடற கட்டுரைகள்தான் அதிகம். நீங்க அப்படி விடாதீங்க, அவங்க சினிமால இருந்ததை விட கிட்டத்தட்ட நாலு மடங்கு காலம் தொப்பிக் கடைப் பக்கம்தான் இருந்திருக்காங்க, இடது காலத்துல அதுக்கு இடம் விடுங்க.

2001-ல பேத்தர் பச்சோ எடுத்த ஹம்வடோ ஸிகரெட்டவேக்னு ஒரு படம், கராடி வாழ்க்கையை வெச்சு எடுத்தது, பேரும் அவங்க பாட்டுப் பேருதான். அதை முதல்ல பாக்காதீங்க, தயவுசெஞ்சு. அது பாதி கற்பனை, அதைப் பாத்துட்டு அசலுக்குப் போனா அதுல கராடியா நடிச்சவங்க முகம்தான் மனசுல நிக்கும். நாலு அசல் படமும் பாத்து நோட்டும் எழுதி முடிச்ச பிறகு, எங்கெல்லாம் கதையை வளைச்சிருக்காங்கன்னு கண்டுபுடிக்கற விளையாட்டா பாத்தீங்கன்னா சுவாரசியமா இருக்கும்.

இன்னொரு வேலை பாக்கி, எனக்கு ரொம்பப் புடிச்ச பகுதி இது. ஹலாலோஷ் தவஸ் டைட்டில் கார்டை நிறுத்தி வெச்சு அதுல வர்ற பெரிய பேர்களை ஒவ்வொண்ணா அதே ரெண்டு காலத்துல ஓட்டிப் பாருங்க. ஹீரோ பால் யாவோர், அந்த காலத்து முதல் நம்பர் ஸ்டார், மனைவி யூதர், 1944-ல அம்புச்சிலுவைக்காரங்க ஜெயில்ல போட்டு ஜெர்மனி பக்கம் கொண்டு போயிட்டாங்க, உயிரோட தப்பிச்சு 1946-ல அமெரிக்கா போனவருக்கு அங்க சொல்லிக்கற மாதிரி வாய்ப்பே கிடைக்கல, 1957-ல திரும்பி வந்து 1959-ல செத்துப் போனார். அந்த நல்ல பொண்ணா நடிச்ச ஏவா ஸோரேன்யி 1956 புரட்சிக்கப்பறம் அமெரிக்கா போயிட்டாங்க. கதை எழுதுன ஸிலஹி 1947-லயே கிளம்பிட்டார், 1974-ல நோவி சாட்ல இறந்தார். கராடி 1951. ஒரே படத்துல காதலிச்சு அழுது செத்த மூணு பேரும், கதையை எழுதுனவரும், பத்து வருஷ இடைவெளிக்குள்ள நாலு வேற வேற வருஷத்துல நாட்டை விட்டுப் போயிருக்காங்க. கராடி கதையை "அபூர்வ பேரழகியோட சோகம்"னு எழுதறவங்க இந்த டைட்டில் கார்டை நிறுத்திப் பாக்கலன்னு அர்த்தம்.

இது புடிச்சுப் போச்சுன்னா அடுத்து யாரை எடுக்கறதுன்னு கேட்டா, எதிர்மாறா போனவங்களை எடுங்க. க்ளாரி தோல்னாய் அதே காலத்துல வந்தவங்க, நாட்டை விட்டுப் போகல, எல்லா ஆட்சியையும் தாண்டி வயசான காலம் வரைக்கும் மேடையிலயும் திரையிலயும் இருந்தாங்க, 1998-ல இறந்தாங்க. ஃப்ரான்சிஸ்கா கால் ஹாலிவுட் வரைக்கும் போய் 1938-ல அங்க ஹீரோயினா நடிச்சுட்டு, போர் நடக்கற நேரத்துல ஹங்கேரிக்கே திரும்பி வந்து மாட்டிக்கிட்டவங்க. ஸிதா ஸெலெட்ஸ்கி அர்ஜென்டினா போய், அப்பறம் அமெரிக்கா போய், கடைசி காலத்துல ஹங்கேரிக்கு வந்து சேந்தாங்க. இவங்களுக்கு வலது காலத்தை மறுபடி எழுத வேண்டியதே இல்ல, கராடிக்குப் போட்டது அப்படியே இருக்கட்டும், இடது பக்கத்தை மட்டும் அழிச்சுட்டு புதுசா ஆரம்பிங்க.